குளிப்பாட்டிய கன்று

என் வீட்டுக்காரருக்கு மூக்கு வேலை செய்யாது. சளி பிடித்தவர்கள் சொல்கிற மாதிரி இல்லை, நிஜமாகவே வேலை செய்யாது. கல்யாணத்துக்கு முன்னாலிருந்தே ஆம்பூர்ப் பக்கம் ஒரு டேனரியில் வேலை. வீடு அளவுக்கு இருக்கும் மர ட்ரம்களில் தோலைப் போட்டு, தண்ணீரும் மருந்தும் ஊற்றிச் சுற்றவிடுகிற இடத்தில் நிற்பவர். அந்த நெடியில் வருஷக் கணக்காக நின்று, வாசனை என்ற ஒன்று அவருக்குக் கொஞ்சம் கொஞ்சமாக இல்லாமல் போய்விட்டது. எப்போது போனது என்று அவருக்கே தெரியாது. பெண் பார்க்க வந்தபோது இதை யாரும் எங்களுக்குச் சொல்லவில்லை. சொல்லியிருந்தாலும் எங்கள் வீட்டில் பெரிதாக எடுத்துக்கொண்டிருக்க மாட்டார்கள். குடிப்பாரா என்று மட்டும்தான் கேட்டார்கள்.

நானும் தோலில்தான் பிழைக்கிறேன். என்னுடையது ஷூ கம்பெனி, தையல் பிரிவு. என் கைக்கு வரும்போது தோல் துணி மாதிரி ஆகியிருக்கும், அது ஒரு காலத்தில் நான்கு காலில் நடந்தது என்று யாரும் நினைக்க மாட்டார்கள். அவர் கைக்கு வருவது அப்படி இல்லை. ஆக, ஒரே தொழிலில் நாற்றம் அவர் பங்கு, முதுகுவலி என் பங்கு.

மூக்கு இல்லாத மனுஷனோடு குடும்பம் நடத்துவது ஒன்றும் கஷ்டமில்லை. ஊசிப்போன சாம்பாரை ரசித்துச் சாப்பிடுவார், பிடுங்கி வைக்க வேண்டும். அடுப்பில் கேஸ் கசிகிறதா என்று நான்தான் பார்க்க வேண்டும். மல்லிகையும் கனகாம்பரமும் அவருக்கு ஒன்று. நிறம் பிடித்திருக்கிறது என்று கனகாம்பரத்தையே வாங்கி வருவார். "யோவ், ஒரு நாளாவது வாசம் உள்ள பூவா வாங்கிட்டு வாயேன்" என்று நான் கத்துவேன். "உனக்குத்தான் மூக்கு இருக்குதே, நீ போய் வாங்கிக்கோ" என்பார். சிரித்துக்கொண்டேதான் சொல்வார்.

வீடு விரிஞ்சிபுரம் தாண்டி, பாலாற்றை ஒட்டி. பிள்ளைகள் இருவரும் படித்து ஓசூருக்கு வேலைக்குப் போன பிறகு, ஒரு செவ்வாய்க்கிழமை அவர் பொய்கைச் சந்தைக்குப் போய் ஒரு கிடாரியைப் பிடித்துக்கொண்டு வந்தார். நாட்டு மாடு. செவலை நிறம், நெற்றியில் மட்டும் கொஞ்சம் வெள்ளை. என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை. "நீயும் கம்பெனி, நானும் கம்பெனி. இதை யாரு பாப்பாங்க?" என்று நான் கேட்டதற்கு, "அவளை நான் பாத்துக்குறேன்" என்றார். வந்த முதல் நாளிலிருந்தே மாடு அவருக்கு அவள்தான். ஒருநாளும் அது என்று சொன்னதில்லை. நான் அது என்றால் முகம் சுளிப்பார்.

ஆனால் அந்த அவள் இவரைக் கிட்டவே சேர்க்கவில்லை. வேலை முடிந்து பக்கத்தில் போனால் மூக்கை விடைத்துப் புஸ்ஸென்று சீறும். முளையைச் சுற்றி ஓடும். என்னிடம் அப்படி இல்லை, நான் போனால் கையை நக்கும். அவருக்கு ஒன்றும் புரியவில்லை. எனக்கு உடனே புரிந்துவிட்டது.

"உன் மேல கப்பு அடிக்குதுய்யா. அதுக்கு மூக்கு இருக்குதே. நீ ட்ரம்முல என்னத்தப் போட்டுச் சுத்துறன்னு அதுக்குத் தெரியாதா?"

நான் வேடிக்கையாகத்தான் சொன்னேன். அவர் முகம் செத்துவிட்டது. அன்றிலிருந்து டேனரியிலிருந்து வந்ததும் வீட்டுக்குள் வராமல் நேராகப் பின்பக்கம் குளிக்கிற இடத்துக்குப் போக ஆரம்பித்தார். தொட்டியில் இருக்கிற தண்ணீரையெல்லாம் காலி பண்ணுவார். சீயக்காய், சோப்பு, எலுமிச்சம்பழத் தோல், கடைசியில் கொஞ்சம் மஞ்சள். குளித்து முடித்துத் துண்டோடு நின்று, சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து கேட்பார்.

"போச்சா?"

நான் கிட்டப் போய் மோந்து பார்த்துச் சொல்ல வேண்டும். போச்சு என்றால் மாட்டிடம் போவார். இல்லை என்றால் மறுபடி சோப்பு. இருபது வருஷத்துக்கு மேல் பக்கத்தில் படுத்திருக்கிறேன், எனக்காக இந்த மனுஷன் ஒருநாள்கூட இப்படிக் குளித்ததில்லை. அதைச் சொல்லிச் சொல்லிக் காட்டினேன். அப்போதும் சிரிப்புதான்.

உண்மையைச் சொன்னால், அது போகாது. தோலுக்கு அடியில், நகக்கண்ணில், மயிர்க்காலில் எல்லாம் ஏறிப் போனது. எங்கள் பக்கத்தில் டேனரி ஆள் பஸ்ஸில் ஏறினால் கண்ணை மூடிக்கொண்டே சொல்லிவிடலாம். குளித்தால் மேலே சீயக்காய் வாசம் வரும், அவ்வளவுதான். நான் போச்சு என்று சொன்னது, தண்ணீர் தீர்ந்துபோகிறதே என்பதற்காகவும், பாவம் என்பதற்காகவும்.

அப்படியும் கொஞ்ச நாளில் மாடு அவரைச் சேர்த்துக்கொண்டது. முதலில் சீறலை நிறுத்தியது. அப்புறம் அவர் கையால் தவிடு தின்றது. அப்புறம் கழுத்துக்கு அடியில் சொரிந்துவிடச் சொல்லித் தலையைத் தூக்கிக் காட்ட ஆரம்பித்தது. வண்டியை முனையில் திருப்பும்போதே குரல் கொடுக்கும். அவருக்குப் பெருமை பிடிபடவில்லை. "பாத்தியா, சுத்தமா போயிடுச்சு. அதான் சேத்துக்கினா" என்றார். நாற்றம் போனதால் சேர்க்கவில்லை, நாற்றத்தோடுதான் சேர்த்துக்கொண்டது என்று எனக்குத் தெரியும். நானும் அப்படித்தானே சேர்த்துக்கொண்டேன்.

மாடு சினைப்பட்டு, முதல் கன்று போட்டது. பெண் கன்று. லீவு போட்டுவிட்டுக் கூடவே இருந்தார். கன்று இவர் கையில்தான் விழுந்தது. தன் லுங்கியிலேயே துடைத்துத் தாய்க்கு முன்னால் போட்டார். மாடு கன்றை நக்கியது, நடுவே இவர் கையையும் ஒரு நக்கு நக்கியது. மறுநாள் வேலூர் லாங் பஜாருக்குப் போய், கூட்டத்தில் இடிபட்டு, ஒரு சின்னப் பித்தளை மணி வாங்கி வந்து கன்றின் கழுத்தில் கட்டினார். அந்த மணிச் சத்தம் கேட்டால் போதும், மாட்டுக்கு மடி சுரந்துவிடும். கன்று ஓடிவந்து முட்டுவதற்குள் காம்பில் பால் சொட்ட ஆரம்பித்துவிடும். அவிழ்த்துவிட்டு, கொஞ்சம் குடிக்க வைத்து, பிறகு கறப்பார். நான் கை வைத்தால் பாதிப் பால்தான் வரும்.

கன்றுக்குக் கழிச்சல் கண்டது. மாட்டு டாக்டர் வந்து ஊசி போட்டார், மருந்து கொடுத்தார். நிற்கவில்லை. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், வெயிலில், மாட்டுக்கு முன்னாலேயே செத்துப்போனது. மாடு அதை எழுப்பப் பார்த்தது. மூக்கால் நெம்பி நெம்பித் தள்ளியது. தள்ளித் தள்ளி, முளைக்கயிறு எட்டுகிற தூரம் வரை கன்று நகர்ந்துவிட்டது. அதற்கு மேல் எட்டாமல் கழுத்தை நீட்டிக்கொண்டு கத்தியது. என்னால் பார்க்க முடியவில்லை, உள்ளே போய்விட்டேன்.

சாயங்காலம் மாடு பால் இறக்கவில்லை. மடி கல் மாதிரி இருந்தது, தொட்டால் உதைத்தது. பக்கத்து வீட்டு அக்கா மாடு வைத்துப் பழகினவர். வந்து பார்த்துவிட்டுச் சொன்னார்.

"இது நாட்டு மாடு தம்பி. கன்னு இல்லாம எறக்காது. கன்னுத் தோலை உரிச்சி, உப்பு தடவி, வைக்கோல் அடைச்சி முன்னாடி நிறுத்து. மோந்து பாத்துட்டு எறக்கிடும். இல்லாட்டி மடி கட்டிக்கும். மடி கட்டிச்சின்னா உனக்கே தெரியும், அடிமாடுதான்."

அடிமாடு என்றால் விளக்கம் தேவையில்லை. எங்கள் ஊரில் பாதிப் பேர் அடிமாட்டுக்கு அப்புறம் வருகிற வேலையைத்தான் பார்க்கிறோம். அந்த வார்த்தையைக் கேட்டதும் அவர் எழுந்து நின்றுவிட்டார். ஆள் கூட்டிவந்து கன்றை உரித்தார்கள். உடம்பை ஆற்றோரம் புதைத்தார்கள். தோல் மட்டும் ஒரு கோணியில் இருந்தது.

அக்கா சொன்னபடி உப்பு தடவி வைக்கோல் அடைத்திருந்தால் அன்றைக்கே காரியம் முடிந்திருக்கும். வேறு எந்த ஊர்க்காரனும் அதைத்தான் செய்திருப்பான். இவர் டேனரிக்காரர். உப்புத் தோல் என்றால் இவருக்கு இன்னும் வேலையே ஆரம்பிக்காத தோல்.

"உப்பு எத்தினி நாளைக்குத் தாங்கும்? புழு வெச்சிடும். முடி கொட்டிப்போயிடும். அவ தினம் பாக்கப் போறவ. புழு வெச்ச கன்னையா பாப்பா? நான் எடுத்துட்டுப் போறேன். பத்து வருசம் ஆனாலும் கெடாத மாதிரி பண்ணி எடுத்தாறேன்."

"அதுக்குள்ள பால் வத்திடும்யா" என்றேன்.

"நீ சும்மா இரு" என்றார். தோலைப் பற்றி அவரிடம் யார் பேசுவது?

டேனரியில் அவர் பிரிவு மேஸ்திரி ஒரு பாய். நல்ல மனுஷன். விஷயத்தைக் கேட்டதும், "முடியோட பண்றது ஜாஸ்தி வேலை. பெரிய ட்ரம்ல போட்டா பேஜார் ஆயிடும், தனியா ஒரு டப்புல போடு" என்று சொல்லி, மருந்தெல்லாம் கம்மியாகக் கலந்து கொடுத்திருக்கிறார். முதலாளி கண்ணில் படாமல் மூலையில் வைத்து, சாப்பாட்டு நேரத்தில் போய்ப் போய்ப் புரட்டினாராம். முடி ஒன்றுகூட உதிரக் கூடாது என்று கையாலேயே எண்ணெய் ஏற்றினாராம். தினமும் வந்து எனக்குச் சொல்வார். எனக்குச் சொல்லிவிட்டு, குளித்துவிட்டு, மாட்டிடம் போய்ச் சொல்வார்.

"வந்துடும்மா. கன்னு வந்துடும். இன்னும் கொஞ்சம் பொறுத்துக்கோ."

மாடு அந்த நாட்களில் அவரை மட்டும் மடியில் கைவைக்க விட்டது. வெந்நீர் ஒற்றடம் கொடுத்து, உருவி உருவி, கொஞ்சம் கொஞ்சமாக எடுப்பார். கறந்தது என்று சொல்ல முடியாது, கெஞ்சி வாங்கியது என்றுதான் சொல்ல வேண்டும். பால் வாங்குகிறவர், "ஊசி ஒண்ணு போட்டா தானா ஊத்தும்ணே" என்றார். இவர் விரட்டிவிட்டார். மாடு தின்பதைக் குறைத்தது. எலும்பு தெரிய ஆரம்பித்தது. கன்று கட்டியிருந்த இடத்தைப் பார்த்துக்கொண்டே நிற்கும்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை தோல் வந்தது. நான் வேலையில் எவ்வளவோ தோல் பார்த்திருக்கிறேன், அப்படி ஒரு வேலைப்பாடு பார்த்ததில்லை. முடி பட்டு மாதிரி படிந்து கிடந்தது. நெற்றியில் தாய் மாதிரியே இருந்த வெள்ளைகூட மங்கவில்லை. மூங்கில் பிளாச்சில் கால் வைத்து, வைக்கோல் அடைத்து, அவரே தைத்தார். தையல் என் தொழில், நான் தைக்கிறேன் என்றேன், விடவில்லை. நின்றது கன்று. தூரத்திலிருந்து பார்த்தால் யாரும் உயிர் இல்லை என்று சொல்ல மாட்டார்கள்.

கிட்டப் போனால் சொல்லிவிடலாம். மருந்தும் எண்ணெயும் ஏறின புதுத்தோல் நெடி, மூச்சை அடைத்தது. என் முகத்தைப் பார்த்துவிட்டார்.

"கப்பு அடிக்குதா?"

"அடிக்குது."

"அவ்ளோதானே" என்றார். தூக்கிக்கொண்டு குளிக்கிற இடத்துக்குப் போனார். சீயக்காய், சோப்பு, எலுமிச்சம்பழத் தோல், மஞ்சள். தான் குளிக்கிற மாதிரியே, அதே வரிசையில், கன்றைக் குளிப்பாட்டினார். வைக்கோல் நனையாமல் ஈரத்துணியால் துடைத்துத் துடைத்து, காதுக்குள்ளே விரல் விட்டு, குளம்புக்கு நடுவே தேய்த்து. வெயிலில் வைத்து உலர்த்தினார். மறுபடி தேய்த்தார். "நான் குளிச்சிட்டுப் போனா சேத்துக்குறா இல்ல? இதையும் சேத்துக்குவா" என்றார். அப்போதுதான் எனக்கு அது உறைத்தது. இந்த மனுஷன் இவ்வளவு நாளும், தன் மேல் ஒட்டியிருந்தது தண்ணீரில் போய்விட்டது என்றே நம்பியிருக்கிறார்.

"போச்சா?"

போகவில்லை என்றேன். இந்தத் தடவை உள்ளதைச் சொன்னேன். மறுபடி தேய்த்தார். மறுபடி கேட்டார். பொழுது சாய்ந்துகொண்டிருந்தது, மாடு கத்திக்கொண்டிருந்தது. "கொண்டுபோய்க் காட்டித்தான் பாரேன்" என்றேன்.

கழுத்தில் அந்தப் பித்தளை மணியைக் கட்டினார். இடுப்பில் அணைத்துத் தூக்கிக்கொண்டு நடந்தார். மணி அடித்தது.

மாடு திரும்பிய வேகத்தை என்னால் மறக்க முடியாது. உடம்பு முழுவதும் அந்தச் சத்தத்தைப் பார்த்துத் திரும்பியது. தொண்டைக்குள்ளேயே ஒரு குரல் கொடுத்தது, கன்று இருந்தபோது கொடுக்கிற குரல். மடியிலிருந்து பால் சொட்ட ஆரம்பித்தது. நான்கு காம்பிலும். மண்ணில் விழுகிற சத்தம் எனக்குக் கேட்டது. அவர் அழுதுகொண்டே, "வந்துட்டாம்மா, உன் கன்னு வந்துட்டா" என்று முன்னால் வைத்தார்.

மாடு கழுத்தை நீட்டி மோந்தது. முதுகை மோந்தது. காதை மோந்தது. வாலுக்கு அடியில் மோந்தது. மறுபடி முகத்துக்கு வந்தது. நாக்கை நீட்டி ஒரு நக்கு நக்கியது. பிறகு தலையைத் தூக்கி அவரைப் பார்த்தது. கன்றை மோந்தது, அவர் கையை மோந்தது. இரண்டிலும் ஒரே வாடை. சீயக்காய்க்கு அடியில் அதே வாடை.

பின்னால் ஒதுங்க ஆரம்பித்தது. கயிறு இழுபட்டு மூக்கில் ரத்தம் வந்தும் நிற்கவில்லை. சீறியது. அவர் "இல்லம்மா, இல்லம்மா" என்று கையை நீட்டிக்கொண்டு கிட்டப் போனார். உதைத்தது. தொடையில் விழுந்த உதையில் உட்கார்ந்துவிட்டார். கன்று சாய்ந்து விழுந்து, மணி ஒரு தடவை அடித்து நின்றது. பால் சொட்டுவதும் நின்றுவிட்டது.

அதற்கப்புறம் மாடு அவரைக் கிட்டச் சேர்க்கவில்லை. கன்றைத் தின்றது இந்த வாடைதான் என்று நினைத்துக்கொண்டதோ என்னவோ. மாட்டின் மனசில் புகுந்து பார்த்தவள் போல நான் பேசக் கூடாது. கண்ணால் பார்த்ததைச் சொல்கிறேன். வண்டி முனையில் திரும்பும்போது குரல் கொடுக்கிற மாடு, அதே முனையில் அவர் திரும்பினால் நடுங்கியது. அவர் குளித்தார். இரண்டு தடவை, மூன்று தடவை. தோல் சிவக்கச் சிவக்கத் தேய்த்தார். சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து போச்சா, போச்சா என்று கேட்டுக்கொண்டே இருந்தார். நான் என்ன சொன்னாலும், கடைசியில் சொல்லப் போவது மாடுதான். தொட விடவில்லை. நான் முயற்சி பண்ணினேன், என்னையும் மடியில் கைவைக்க விடவில்லை. பக்கத்து வீட்டு அக்கா பழைய கோணியைத் தேடினார், கன்றை உரித்துப் போட்டு வைத்திருந்தது. அதிலாவது வாசம் இருக்கும் என்று. அதையும் இவர் டேனரியில் அலசிக் காயப்போட்டிருந்தார். சுத்தக்காரர்.

மடி கட்டிக்கொண்டது. டாக்டர் வந்தார். சீழும் ரத்தமுமாக வந்தது. இரண்டு காம்பு போய்விட்டது, மற்ற இரண்டும் சந்தேகம் என்றார். அன்று ராத்திரிச் சாப்பாட்டை அவர் தொடவில்லை. கன்றை எடுத்துக்கொண்டு போய், உடம்பு புதைத்த இடத்துக்குப் பக்கத்திலேயே தோண்டிப் புதைத்துவிட்டு வந்தார். மணியை மட்டும் கழற்றிக்கொண்டார். உடம்பு மண்ணாகியிருக்கும். அந்தத் தோல் மக்காது. அவ்வளவு நன்றாகச் செய்திருந்தார்.

விற்றுவிடலாம் என்று சொன்னது அவர்தான். "நான் இருக்குற இடத்துல அவளால இருக்க முடியல. வேற எங்கனா போனா தின்னுவா" என்றார். இரண்டு காம்பு போன, எலும்பும் தோலுமான மாடு வேறு எங்கே போகும்?

தரகர் குட்டியானை வண்டியோடு வந்தார். "வளர்ப்புக்குத்தாம்மா. செங்கம் பக்கம் ஒரு தோட்டத்துல கட்டப் போறாங்க" என்றார். எல்லாத் தரகரும் சொல்கிற வார்த்தை அது. அதைச் சொல்லாமல் யாரும் எங்கள் பக்கம் மாடு பிடிப்பதில்லை. "எந்தப் புண்ணியவான்ணே அது, அட்ரஸ் குடுங்க, நான் போய்ப் பாக்கணும்" என்றேன். தரகர் தலையைக் குனிந்துகொண்டு கயிற்றை அவிழ்த்தார். மாட்டைக் கொடுத்தாலும் கயிற்றைக் கொடுப்பதில்லை. அவர் கொண்டுவந்த புதுக்கயிற்றைப் போட்டார், பழையது என் கையில் இருந்தது.

வீட்டுக்காரர் அங்கே இல்லை. பக்கத்தில் வந்தால் மாடு மிரண்டு வண்டியில் ஏறாது என்று, வண்டி வருவதற்கு முன்னாலேயே பின்பக்கம் குளிக்கப் போய்விட்டார். அன்று அவருக்கு லீவு. காலையில் ஏற்கெனவே குளித்திருந்தார். தண்ணீர் விழுகிற சத்தம் வந்துகொண்டே இருந்தது.

மாடு முரண்டு பிடிக்கவில்லை. பலகையில் தானாகவே ஏறிக்கொண்டது. என் கையை ஒரு தடவை நக்கியது. வண்டி முனையில் திரும்பும்போது குரல் கொடுத்தது, யாருக்கு என்று தெரியவில்லை. அப்புறம் நெடுஞ்சாலைச் சத்தத்தில் எல்லாம் கலந்துவிட்டது.

தண்ணீர்ச் சத்தம் நின்றது. சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து அவர் கேட்டார்.

"போச்சா?"

மாட்டை அவர் ஒருநாளும் அது என்று சொன்னதில்லை. போயிட்டாளா என்றுதான் கேட்டிருப்பார். அதனால் உடம்பு நாற்றத்தைத்தான் கேட்கிறார் என்று நினைத்து, மோந்து பார்க்கத் திரும்பினேன். திரும்பியவள் நின்றுவிட்டேன். குரல் அப்படி இருந்தது.

கையில் கயிற்றைப் பிடித்துக்கொண்டு, இருந்த இடத்திலிருந்தே, "போச்சு" என்றேன்.